பிடிபட்ட வண்டியை மீட்க எந்தக் கதவைத் தட்டுவது?

மாவட்டத்தில் எந்தக் காவல் நிலையத்தின் பின்பக்கம் போய்ப் பார்த்தாலும் ஒரு வண்டிக் காடு இருக்கும். டயர் மண்ணில் புதைந்த டாடா ஏஸ், கருவேலம் முளைத்த டிராக்டர் டிப்பர், சீட் கிழிந்த லோடு ஆட்டோ, மாடு இல்லாமல் நுகத்தடி தரையில் கிடக்கும் மாட்டு வண்டி. வெயிலிலும் மழையிலும் உளுத்துப்போகும் இந்த வண்டிகளில் பலவற்றுக்கு இன்னமும் மாதத் தவணை ஓடிக்கொண்டிருக்கிறது என்பது அந்தப் பக்கம் போகிறவர்களுக்குத் தெரியாது.

நம் குடியிருப்புகளில் ஒரு வண்டி வாங்குவது சாதாரணக் காரியம் அல்ல. கூலிக்குப் போன வீட்டிலிருந்து ஒருவர் கிளீனராகி, ஓட்டுநராகி, பிறகு சொந்த வண்டி என்று ஒன்றை வாசலில் நிறுத்த ஒரு தலைமுறை ஆகிவிடுகிறது. தாட்கோ மானியத்தோடு வங்கிக் கடன் வாங்கி, மனைவியின் நகையை அடகு வைத்து முன்பணம் கட்டி எடுத்த வண்டி அது. ஒரு ராத்திரி அது பிடிபட்டால் வருமானம் அன்றே நிற்கிறது. தவணை நிற்பதில்லை. மூன்று மாதம் கட்டாமல் விட்டால் கடன் வாராக்கடன் கணக்கில் போய், அந்தக் குடும்பத்துக்கு அடுத்த கடன் என்ற பேச்சுக்கே இடமில்லாமல் போகிறது.

அந்த மூன்று மாதத்தில் நம் ஆட்கள் என்ன செய்கிறார்கள்? முதலில் தெரிந்த கட்சிக்காரரைப் பிடிக்கிறார்கள். அவர் ஸ்டேஷனுக்கு வந்து பேசுகிறார். அடுத்து திங்கள்கிழமை கலெக்டர் ஆபீஸ் குறைதீர் கூட்டத்தில் மனு. அதற்கு ஒரு ரசீது வரும். பிறகு ஆணையத்துக்குத் தபால். எதுவும் நகரவில்லை என்றதும் ஒரு வக்கீலைப் பார்த்து, அவர் மாஜிஸ்திரேட் கோர்ட்டில் ஒரு மனு போட்டு, "இதை விசாரிக்க இந்த நீதிமன்றத்துக்கு அதிகாரம் இல்லை" என்று அது திரும்பி வருகிறது. அதற்குள் உண்மையில் போக வேண்டிய இடத்தில் பதில் கொடுக்க வேண்டிய நாளும் மேல்முறையீடு செய்ய வேண்டிய நாளும் கடந்துவிடுகின்றன. வழக்கில் நியாயம் இல்லாமல் வண்டியை இழந்தவர்கள் உண்டுதான். ஆனால் நியாயம் இருந்தும் தவறான கதவைத் தட்டிக்கொண்டே இருந்து இழந்தவர்களைப் பற்றித்தான் இந்த வாரம் எழுதுகிறோம்.

'பறிமுதல்' என்ற ஒரு சொல்

குழப்பம் சொல்லிலேயே தொடங்குகிறது. ரேஷன் அரிசியோடு ஒரு மினி லாரியை நிறுத்தினால் மறுநாள் பேப்பரில் "வாகனம் பறிமுதல்" என்று வருகிறது. ஆறு மாதம் கழித்து மாவட்ட வருவாய் அலுவலர் அந்த வண்டி இனி அரசுக்கே சொந்தம் என்று உத்தரவிட்டாலும் "வாகனம் பறிமுதல்" என்றே வருகிறது. சட்டத்தில் இவை இரண்டும் வேறு வேறு. முதலாவது கைப்பற்றுதல்: வண்டி அரசின் கையில் இருக்கிறது, உரிமை இன்னும் உங்களுடையது. இரண்டாவதுதான் நிரந்தரப் பறிமுதல்: உரிமையே போகிறது, வண்டி ஏலத்துக்கு வருகிறது. இரண்டுக்கும் நடுவில் நோட்டீஸ், பதில், விசாரணை என்று சில படிகள் இருந்தே ஆக வேண்டும். பேப்பரில் 'பறிமுதல்' என்று பார்த்ததும் "எல்லாம் முடிந்தது" என்று வீட்டில் உட்கார்ந்துவிடுகிறவர்கள், வீட்டுக்கு வந்த நோட்டீஸைப் பிரிக்காமலே டிரங்குப் பெட்டியில் வைத்துவிடுகிறார்கள். அந்த நோட்டீஸ்தான் முழு வழக்கிலும் முக்கியமான காகிதம்.

அதேபோல் இன்னொரு சொல், 'ஆர்.டி.ஓ. ஆபீஸ்'. "ஆர்.டி.ஓ. ஆபீஸ் போய்ப் பாருங்க" என்று ஸ்டேஷனில் ஒருவர் சொல்லிவிடுவார். மணல் வழக்கில் அவர் சொன்னது வருவாய் கோட்டாட்சியர் அலுவலகம். போனவர் நேராக வட்டாரப் போக்குவரத்து அலுவலகத்தில் போய் நிற்பார். தமிழில் இரண்டுமே ஆர்.டி.ஓ.தான். எந்த ஆர்.டி.ஓ. என்று திருப்பிக் கேட்டுவிடுவது நல்லது.

வண்டி யார் கையில் இருக்கிறது என்று பார்த்து கோர்ட்டைத் தேர்ந்தெடுக்க முடியாது. எந்தச் சட்டத்தின் எந்தப் பிரிவில் பிடித்தார்கள் என்பதே எந்தக் கதவு என்பதைத் தீர்மானிக்கிறது. எனவே முதல் வேலை, கைப்பற்றியபோது எழுதிய மகஜர், எஃப்.ஐ.ஆர். இருந்தால் அதன் நகல், துறை அலுவலர் கொடுத்த சீட்டு ஆகியவற்றை வாங்கி வைப்பது. 2024 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 105ஆம் பிரிவுப்படி, சோதனையும் கைப்பற்றுதலும் ஆடியோ, வீடியோவாகப் பதிவு செய்யப்பட்டு, தாமதமின்றி மாஜிஸ்திரேட்டுக்கு அனுப்பப்பட வேண்டும். வண்டி எந்த இடத்தில், எத்தனை மணிக்கு, என்ன சரக்கோடு நிறுத்தப்பட்டது என்பதில் தகராறு இருந்தால் அந்தப் பதிவைக் கேட்டு மனுப் போடலாம்.

வெறும் போலீஸ் வழக்கு என்றால்

விபத்து, அடிதடி, திருட்டு என்று சாதாரணக் குற்ற வழக்கில் பிடித்த வண்டி என்றால் வழி நேரானது. அந்தக் காவல் நிலையத்துக்குரிய குற்றவியல் நடுவர் நீதிமன்றத்தில் இடைக்காலமாக வண்டியைத் தரக் கோரி மனு. முன்பு குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 451, 457 என்று சொல்லப்பட்ட பிரிவுகள் இப்போது புதிய சட்டத்தில் 497, 503. பழைய வக்கீல் குமாஸ்தாக்கள் இன்னும் '451 மனு' என்றுதான் சொல்வார்கள். பொருளை நீதிமன்றத்தில் ஒப்படைத்த 14 நாளுக்குள் அதன் விவர அறிக்கை, பிறகு படமும் வீடியோவும், அதன் பின் 30 நாளுக்குள் அதை என்ன செய்வது என்ற உத்தரவு என்று 497ஆம் பிரிவு கால அளவே சொல்லியிருக்கிறது.

இங்கே கையில் வைத்துக்கொள்ள வேண்டிய தீர்ப்பு ஒன்று உண்டு. சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் எதிர் குஜராத் மாநிலம் என்ற வழக்கில் 2002 அக்டோபர் 1 அன்று உச்ச நீதிமன்றம், பிடிபட்ட வண்டிகளைக் காவல் நிலையங்களில் நீண்ட நாள் போட்டுவைப்பதால் யாருக்கும் பயனில்லை, தகுந்த பிணைப்பத்திரமும் உத்தரவாதமும் வாங்கிக்கொண்டு உடனே ஒப்படைக்க வேண்டும் என்று சொல்லியிருக்கிறது. இருபது ஆண்டுகளுக்கு மேலாகியும் அந்த வண்டிக் காடுகள் குறையவில்லை என்பது வேறு விஷயம். மாஜிஸ்திரேட் மறுத்தால் அமர்வு நீதிமன்றத்திலோ உயர் நீதிமன்றத்திலோ 90 நாளுக்குள் சீராய்வு மனு.

கஞ்சா வழக்கில் சிக்கிய வண்டிக்கு விசாரணை முடியும்வரை எதுவும் செய்ய முடியாது என்று பல வக்கீல்களே சொல்லிவந்தார்கள். 2025 ஜனவரியில் பிஸ்வஜித் தே எதிர் அசாம் மாநிலம் வழக்கில், போதைப்பொருள் தடுப்புச் சட்டத்தில் இடைக்கால ஒப்படைப்புக்குத் தனியாகத் தடை எதுவும் இல்லை என்று உச்ச நீதிமன்றம் தெளிவாக்கிவிட்டது. உரிமையாளருக்கோ அவர் ஆளுக்கோ தொடர்பு இல்லாமல், பயணியோ வாடகைக்கு எடுத்தவரோ மறைத்துக் கொண்டுபோன பொருள் என்றால் கேட்கத் தயங்க வேண்டாம். இந்த மனு போக வேண்டியது போதைப்பொருள் வழக்குகளுக்கான சிறப்பு நீதிமன்றத்துக்கு.

ரேஷன் அரிசி: அதிகம் ஏமாறும் இடம்

நம் மாவட்டங்களில் லோடு வண்டி வைத்திருப்பவர்கள் அதிகம் சிக்குவது இதில். அரிசி யாருடையதோ. வாடகைக்குக் கூப்பிட்டவர் பெயர்கூட முழுதாகத் தெரியாது. "தம்பி, பத்து மூட்டை இருக்கு, ஆயிரத்து ஐந்நூறு வாங்கிக்க" என்று சொன்னதுதான் ஒப்பந்தம். குடிமைப் பொருள் குற்றப் புலனாய்வுத் துறை போலீசார் வழியில் நிறுத்துகிறார்கள். அரிசிக்காரர் போனை அணைத்துவிடுகிறார். வழக்கு ஓட்டுநர் மீதும் உரிமையாளர் மீதும்.

பிடித்தது போலீஸ், எஃப்.ஐ.ஆர். போட்டதும் போலீஸ் என்பதால் எல்லோரும் மாஜிஸ்திரேட் கோர்ட்டுக்கு ஓடுகிறார்கள். அங்கேதான் தவறு நடக்கிறது. 1955ஆம் ஆண்டின் இன்றியமையாப் பண்டங்கள் சட்டத்தில் 6-ஈ என்று ஒரு பிரிவு இருக்கிறது. பறிமுதல் நடவடிக்கை நிலுவையில் இருக்கும்போது, பண்டத்தையும் அதை ஏற்றிவந்த வண்டியையும் விடுவிப்பது, ஒப்படைப்பது பற்றி உத்தரவிட கலெக்டருக்கும் மேல்முறையீட்டு நீதித்துறை அலுவலருக்கும் மட்டுமே அதிகாரம்; வேறு எந்த நீதிமன்றத்துக்கும், தீர்ப்பாயத்துக்கும், அலுவலருக்கும் கிடையாது என்று அது அடித்துச் சொல்கிறது. குற்ற வழக்கை மாஜிஸ்திரேட் நடத்தலாம், ஜாமீன் தரலாம், தண்டிக்கலாம், விடுதலை செய்யலாம். வண்டியைத் தர முடியாது. கலெக்டருக்குரிய இந்த அதிகாரத்தை நம் மாவட்டங்களில் மாவட்ட வருவாய் அலுவலர், அதாவது டி.ஆர்.ஓ. செலுத்துகிறார். இறுதி உத்தரவு வரும்வரை இடைக்காலமாக வண்டியைக் கேட்பதானாலும் அவரிடமே எழுத்தில் கேட்க வேண்டும். பறிக்கப்போகிறவரிடமே போய்க் கேட்பதா என்று நம் ஆட்கள் ஒதுங்குகிறார்கள். சட்டம் அந்த ஒரு கதவைத்தான் திறந்து வைத்திருக்கிறது.

6-பி பிரிவுப்படி, என்ன காரணத்துக்காகப் பறிமுதல் செய்யப்போகிறோம் என்று எழுத்தில் நோட்டீஸ் கொடுக்காமல், பதில் எழுத நியாயமான அவகாசம் தராமல், நேரில் சொல்ல வாய்ப்புத் தராமல் பறிமுதல் உத்தரவு போடக் கூடாது. நோட்டீஸ் வந்ததும் சும்மா போய் நின்று "தெரியாம நடந்துபோச்சுங்கய்யா, வண்டிய விட்ருங்க" என்று கும்பிடுவது பதில் ஆகாது. கோப்பில் அது "எதிரி குற்றத்தை ஒப்புக்கொண்டார்" என்று ஏறிவிடும். எழுத்தில் கொடுக்க வேண்டும்; அதில் இரண்டு வாதங்கள் இருக்க வேண்டும்.

முதலாவது, தனக்குத் தெரியாமல் நடந்தது என்பது. உரிமையாளர், அவருடைய ஏஜென்ட், வண்டியைப் பொறுப்பில் வைத்திருந்தவர் ஆகியோரின் அறிதலோ உடந்தையோ இல்லை, ஒவ்வொருவரும் தேவையான முன்னெச்சரிக்கை எடுத்தார்கள் என்று உரிமையாளர் நிரூபித்தால் வண்டியைப் பறிமுதல் செய்ய முடியாது. இதில் ஒரு பொறி உண்டு. உரிமையாளருக்குத் தெரியாது என்று மட்டும் எழுதினால் போதாது. ஓட்டியவருக்கும் தெரியாது என்று காட்ட வேண்டும். நம் தெருக்களில் உரிமையாளரும் ஓட்டுநரும் பெரும்பாலும் ஒரே ஆள். மூட்டையைத் தானே ஏற்றிய ஆள் "தெரியாது" என்று சொன்னால் எடுபடுவது கடினம்.

அந்த இடத்தில்தான் இரண்டாவது வாதம் காப்பாற்றும். அதைப் பலரும் கேட்பதே இல்லை. 6-ஏ பிரிவின் ஒரு வரம்புரை, வாடகைக்குச் சரக்கோ ஆளோ ஏற்றும் வண்டி என்றால் பறிமுதலுக்குப் பதிலாக அபராதம் கட்டும் வாய்ப்பை உரிமையாளருக்குத் தர வேண்டும் என்கிறது. அந்த அபராதத்துக்கு உச்சவரம்பும் உண்டு: பிடிபட்ட நாளில் அந்தப் பண்டத்தின் சந்தை விலைக்கு மேல் போகக் கூடாது. வண்டியின் விலை அல்ல, சரக்கின் விலை. 500 கிலோ அரிசி, கிலோ 30 ரூபாய் என்று வைத்துக்கொண்டால் அதிகபட்சம் 15,000 ரூபாய். ஐந்து லட்ச ரூபாய் வண்டிக்கு எதிரில் 15,000 ரூபாய். கூலி வேலைக்குத் திரும்புவதா வேண்டாமா என்பதே இந்த ஒரு வரம்புரையில் தொங்குகிறது. அதற்கு வண்டி வாடகைக்கு ஓடுவது என்பதைக் காட்ட வேண்டும்: மஞ்சள் போர்டு, பர்மிட், வாடகை ரசீது, ஸ்டாண்டில் உறுப்பினர் அட்டை. வெள்ளை போர்டு வண்டியை வாடகைக்கு ஓட்டுகிறவர்கள் இந்த இடத்தில் மாட்டிக்கொள்கிறார்கள்.

உத்தரவு பாதகமாக வந்தால், அது கையில் கிடைத்த நாளிலிருந்து ஒரு மாதத்துக்குள் 6-சி பிரிவில் மேல்முறையீடு. மாநில அரசு நியமித்த நீதித்துறை அலுவலரிடம், நடைமுறையில் மாவட்ட அமர்வு நீதிபதியிடம். அபராத வாய்ப்பே தராமல் பறிமுதல் உத்தரவு போட்டிருந்தால் அதுவே மேல்முறையீட்டுக்கு வலுவான காரணம்.

மணல், சவுடு, கிராவல்

இதில் ஒரே வண்டி இரண்டு சட்டத்தின் கீழ் நிற்கும். சுரங்கங்கள் மற்றும் கனிமங்கள் சட்டம், 1957-இன் 21(4) பிரிவில் வண்டியையும் கருவிகளையும் கைப்பற்றலாம். டிப்பர் லாரியும் மாட்டு வண்டியும் மண்வெட்டியும் அதற்கு ஒன்றுதான். ஆனால் நிரந்தரமாகப் பறிக்க 21(4-ஏ) பிரிவுப்படி நீதிமன்றத்தால் மட்டுமே முடியும். அதற்கு, 22ஆம் பிரிவின்படி அதிகாரம் பெற்ற அலுவலர் எழுத்தில் புகார் கொடுத்திருக்க வேண்டும். அதோடு போலீஸ் தனியாக மணல் திருட்டு என்று வழக்குப் போடும். 2014இல் டெல்லி அரசு எதிர் சஞ்சய் வழக்கில், கனிமச் சட்டம் இருப்பதாலேயே திருட்டு வழக்குப் போடுவதற்குத் தடையில்லை என்று உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

நம் ஆட்கள் அடிபடுவது சமரச அபராதத்தில். 23-ஏ பிரிவில் அபராதம் கட்டி வழக்கை முடித்துக்கொள்ளலாம் என்று வருவாய் அலுவலகத்தில் சொல்வார்கள். வட்டிக்கு வாங்கிக் கட்டுவார்கள். ரசீதை எடுத்துக்கொண்டு ஸ்டேஷனுக்குப் போனால் "திருட்டு கேஸ் இருக்கே" என்று பதில் வரும். 2020 டிசம்பரில் ஜெயந்த் எதிர் மத்தியப் பிரதேச மாநிலம் தீர்ப்பு சொன்னதும் அதுவே: சமரசம் கனிமச் சட்ட வழக்கை முடிக்கும், திருட்டு வழக்கை முடிக்காது. ஆகவே பணம் கட்டும் முன்பே, திருட்டு எஃப்.ஐ.ஆர். இருக்கிறதா, வண்டி எந்த வழக்கின் சொத்தாகக் காட்டப்பட்டிருக்கிறது என்று கேட்டுவிட வேண்டும். கனிம வழக்குக்கென்று அமைந்த சிறப்பு நீதிமன்றம் அமர்வு நீதிமன்றத் தகுதி கொண்டது. வண்டி அங்கே காட்டப்பட்டிருந்தால் மனுவும் அங்கே.

2018 அக்டோபரில் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை, மணல் கடத்தலில் பிடிபட்ட வண்டிகளை விடுவிக்கக் கூடாது, பறிமுதல் நடவடிக்கை எடுக்க வேண்டும் என்று கடுமையாக உத்தரவிட்டது. பின்னாளில் நிபந்தனையோடு விடுவித்த உத்தரவுகளும் வந்தன. ஆற்றைச் சுரண்டுவதில் கண்டிப்பு வேண்டும் என்பதில் நமக்கு மாற்றுக் கருத்து இல்லை. வறண்ட ஆற்றின் கரையில் ஊற்றுத் தோண்டி நீர் எடுப்பதும் நம் பெண்கள்தான். ஆனால் பொக்லைன் வைத்து அள்ளுகிறவரும் வீட்டுச் சுவர் பூச ஒரு வண்டி மணல் அள்ளிவந்தவரும் ஒரே தராசில் நிறுக்கப்படும்போது, ஸ்டேஷன் வாசலில் மக்கிப்போவது எவர் வண்டி என்று பார்க்கத்தான் செய்கிறோம்.

போக்குவரத்து, மதுவிலக்கு, ஜி.எஸ்.டி.

பதிவுச் சான்று, பர்மிட், லைசென்ஸ் இல்லை என்று மோட்டார் வாகனச் சட்டம் 207ஆம் பிரிவில் நிறுத்திய வண்டிக்குக் கோர்ட் தேவையே இல்லை. ஆவணங்களோடு போக்குவரத்து அலுவலரிடம் மனுக் கொடுத்து, வரி பாக்கி இருந்தால் கட்டி, எடுத்துக்கொள்ளலாம். இ-வே பில் இல்லாமல் ஜி.எஸ்.டி. பறக்கும் படை பிடித்த வண்டியில், சரக்கு உரிமையாளர் வராவிட்டாலும், 129ஆம் பிரிவின்படி விதித்த அபராதம் அல்லது ஒரு லட்ச ரூபாய், இதில் எது குறைவோ அதைக் கட்டி வண்டியை மட்டும் வாகன உரிமையாளர் மீட்கலாம்.

மதுவிலக்கு வழக்கில் பறிமுதல் அதிகாரம் துறை அலுவலரிடமே இருக்கிறது. ஆயுதப்படை மைதானத்தில் வண்டிகள் ஏலம் என்று மாவட்டப் பக்கத்தில் வரும் சிறு அறிவிப்பு அந்த அதிகாரத்தின் கடைசிப் படி. அறிவிப்பு வந்த பிறகு ஓடுவதில் அதிகம் பயனில்லை. அதற்கு முன்பு வரும் நோட்டீஸுக்குப் பதில் கொடுத்திருக்க வேண்டும்.

உயர் நீதிமன்றம் எப்போது?

"நேரா ஹைகோர்ட்ல ரிட் போட்டுடலாம்" என்பது எளிதாகச் சொல்லப்படும் யோசனை. சட்டத்திலேயே மேல்முறையீடு இருக்கும்போது ரிட் மனுவை உயர் நீதிமன்றம் பெரும்பாலும் ஏற்பதில்லை; அங்கே போய்விட்டு வா என்று அனுப்பிவிடும். விதிவிலக்குகளை 1998ஆம் ஆண்டின் வேர்ல்பூல் தீர்ப்பில் உச்ச நீதிமன்றம் எண்ணிச் சொல்லியிருக்கிறது: அடிப்படை உரிமை மீறல், இயற்கை நீதி மறுப்பு, அதிகாரமே இல்லாதவர் போட்ட உத்தரவு, சட்டத்தின் செல்லுபடியையே எதிர்ப்பது. நோட்டீஸே இல்லாமல் பறிமுதல் உத்தரவு, மாதக்கணக்கில் வண்டியை வைத்துக்கொண்டு எந்த நடவடிக்கையும் எடுக்காமல் இருப்பது, அதிகாரம் இல்லாத அலுவலர் பறிமுதல் செய்வது போன்ற நிலைகளில் ரிட் சரியான கதவு.

எந்த அமர்வு என்பதை வண்டி பிடிபட்ட மாவட்டம் தீர்மானிக்கும், உங்கள் சொந்த ஊர் அல்ல. தஞ்சாவூரில் பிடிபட்டால் மதுரைக் கிளை. பக்கத்துத் திருவாரூரிலோ நாகப்பட்டினத்திலோ பிடிபட்டால் சென்னை. பல ரிட் மனுக்கள் "மனுதாரரின் கோரிக்கையை இத்தனை வாரத்துக்குள் பரிசீலிக்க வேண்டும்" என்ற உத்தரவோடு முடிகின்றன. ஊருக்கு வந்து "ஹைகோர்ட்ல ஜெயிச்சிட்டோம்" என்று இனிப்புக் கொடுத்தவர்கள் உண்டு. பரிசீலிப்பது என்றால் தருவது என்று பொருள் இல்லை, நிராகரித்தும் பரிசீலிக்கலாம். மனுவிலேயே இடைக்காலமாக வண்டியை விடுவிக்கவும் கேட்டிருக்கிறதா என்று வக்கீலிடம் கேளுங்கள்.

முன்சீப் கோர்ட்டில் தடையுத்தரவு வழக்குப் போடும் யோசனையும் சில கிராமங்களில் இருக்கிறது. அரசுக்கு எதிரான உரிமையியல் வழக்குக்குப் பொதுவாக இரண்டு மாத முன்னறிவிப்பு தர வேண்டும். அதற்குள் இதர காலக்கெடுக்கள் போய்விடும். ரேஷன் அரிசி வண்டி என்றால் 6-ஈ பிரிவு அதையும் தடுக்கிறது.

ஆணையம், வன்கொடுமைச் சட்டம்

சாதியைக் காரணமாக வைத்தே வண்டியைப் பிடித்தார்கள் என்ற புகார் நமக்கு அடிக்கடி வருகிறது. வரிசையில் ஐந்து வண்டி நின்றபோது காலனி வண்டி மட்டும் ஸ்டேஷனுக்குப் போனது என்றோ, நிலத் தகராறில் எதிராளி கொடுத்த பொய்த் தகவலில் பிடித்தார்கள் என்றோ சொல்வார்கள். இவற்றைச் சட்டம் அறியாமல் இல்லை. வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் 3(1)(பி) பிரிவு, பட்டியல் சாதியினர் மீது பொய்யான, தீய நோக்கமுள்ள வழக்குத் தொடர்வதைக் குற்றம் என்கிறது. அடுத்த உட்பிரிவு, பொது ஊழியரிடம் பொய்த் தகவல் கொடுத்து அவர் அதிகாரத்தால் தீங்கு விளைவிக்கச் செய்வதையும் குற்றம் என்கிறது. அப்படி நடந்திருந்தால் புகார் கொடுக்கத்தான் வேண்டும்.

ஆனால் அந்தப் புகாரால் வண்டி வராது. அது குற்றவாளியைத் தண்டிக்கும் வழி, வண்டியை மீட்கும் வழி தனி. ஒன்றைச் செய்வதால் மற்றொன்று நடந்துவிடும் என்று காத்திருப்பதில்தான் நாள் போகிறது. தேசியப் பட்டியல் சாதியினர் ஆணையமும் அப்படித்தான். அரசியலமைப்பின் 338ஆம் கூறு, ஆட்களை வரவழைக்கவும் ஆவணங்களைக் கேட்கவும் அதற்கு உரிமையியல் நீதிமன்ற அதிகாரத்தைத் தந்திருக்கிறது. ஆனால் ஆணையம் தடையாணை பிறப்பிக்க முடியாது என்று 1996இல் இந்தியன் ஓவர்சீஸ் வங்கி ஊழியர் நலச் சங்க வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. ஏலத்தை நிறுத்தும்படி ஆணையத்திடம் கேட்டுக் காத்திருக்கும் அதே வாரத்தில் ஏலம் நடந்துவிடலாம். ஆணையத்துக்கு எழுதுங்கள், ஆனால் டி.ஆர்.ஓ.வுக்கான பதிலைக் கொடுத்த பிறகு எழுதுங்கள். மற்ற நான்கு வண்டிகளை விட்டு இதை மட்டும் பிடித்தார்கள் என்பதற்குப் படமோ சாட்சியோ இருந்தால் அதை அந்தப் பதிலிலும் சேர்த்துவிடுங்கள். பின்னால் உயர் நீதிமன்றத்தில் பாரபட்சம் என்று வாதிட, முதல் நாளிலிருந்தே அது கோப்பில் இருக்க வேண்டும்.

யார் பெயரில் ஆர்.சி.?

எந்தக் கதவைத் தட்டினாலும் முதலில் கேட்கப்படுவது இது. பதிவுச் சான்றில் பெயர் உள்ளவரே மனுதாரர். பழைய வண்டியை வாங்கி, பெயர் மாற்றாமல் நான்கு வருடம் ஓட்டியவர், விற்றவரைத் தேடி அலைய வேண்டும். வாங்கியவர் 30 நாளுக்குள் பெயர் மாற்றத்துக்கு விண்ணப்பிக்க வேண்டும் என்பதுதான் மோட்டார் வாகனச் சட்டம். இன்னொரு வகையும் இருக்கிறது, எழுதாமல் விட முடியாது. மானியத்துக்காக நம் ஆளின் பெயரில் வண்டி எடுத்து, உண்மையில் வேறொருவர் ஓட்டிச் சம்பாதிப்பது. வண்டி பிடிபடும் நாளில் சம்பாதித்தவர் காணாமல் போவார். நோட்டீஸும் எஃப்.ஐ.ஆரும் பெயர் கொடுத்தவர் வீட்டுக்கு வரும். தன் வண்டி எங்கே ஓடுகிறது என்றே தெரியாதவர் "முன்னெச்சரிக்கை எடுத்தேன்" என்று எப்படி நிரூபிப்பார்? கடன் நிலுவை இருந்தால் வங்கிக்கும் எழுத்தில் தகவல் கொடுத்துவிட வேண்டும். வண்டி அடமானத்தில் இருப்பதால் வங்கியும் விசாரணையில் தன் உரிமையைச் சொல்லலாம்.

வக்கீலுக்குக் கொடுக்கப் பணம் இல்லை என்பது நிறையப் பேரை நிறுத்திவிடுகிறது. சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டம், 1987-இன் 12ஆம் பிரிவு, பட்டியல் சாதி, பழங்குடியினருக்கு இலவசச் சட்ட உதவியை உரிமையாக வைத்திருக்கிறது. அவர்களுக்கு வருமான வரம்பு கிடையாது. சாதிச் சான்றிதழ் போதும். மதம் மாறிய கிறிஸ்தவத் தலித்துகளுக்கு இந்த உட்பிரிவு பொருந்தாது, அவர்கள் வருமான வரம்புப் பிரிவில் கேட்க வேண்டும். பெண் பெயரில் வண்டி இருந்தால் அவருக்குப் பெண் என்ற முறையிலேயே வரம்பில்லாத உரிமை உண்டு. இந்த உதவி கோர்ட்டுக்கு மட்டும் என்று பலர் நினைக்கிறார்கள். நீதிமன்றம் போல விசாரித்து முடிவெடுக்கும் எந்த அலுவலர் முன்பும் வக்கீல் கேட்கலாம் என்பதே அந்தச் சட்டத்தின் விளக்கம், எனவே டி.ஆர்.ஓ. முன் நடக்கும் 6-ஏ விசாரணைக்கும் கேட்கலாம். மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் மாவட்ட ஆணைக்குழு அலுவலகமும், தாலுகா கோர்ட்டில் வட்டக் குழுவும் இருக்கின்றன. தொலைபேசி எண் 15100. போகும்போது நோட்டீஸை மட்டும் அல்ல, அது வந்த தபால் உறையையும் எடுத்துப் போங்கள். ஒரு மாதக் கெடு எந்த நாளில் தொடங்கியது என்பதை அந்த உறையின் மேல் உள்ள தபால் முத்திரையை வைத்துத்தான் காட்ட முடியும்.